முதற்கோடை யாருடையது

நீங்கள் கேட்டது ஒரு பக்கம்தான். கோடைப் பள்ளி எப்படித் தொடங்கியது, யார் தொடங்கினார்கள், இணையத்தளத்தில் போட ஒரு பக்கம் எழுதித் தாருங்கள் அக்கா என்றீர்கள். அது ஒரு பக்கத்தில் அடங்காது. அடங்குகிற மாதிரி யாராவது எழுதித் தந்தால் அவரைக் கொஞ்சம் சந்தேகியுங்கள்.

நான் சந்தேகக்காரி என்று உங்களுக்கு முன்பே சொல்லியிருப்பார்கள். ஓய்வு பெறும்வரை நகரத்தின் வளர்ந்தோர் கல்வி நிலையத்தில் வகுப்புகளை ஒழுங்குசெய்வது என் வேலை. யார் எந்த வகுப்பைக் கேட்கிறார்கள், ஏன் கேட்கிறார்கள், அவர்களுக்குப் பின்னால் நிற்பது யார் என்று பார்த்தே என் காலம் போனது. நீங்கள் இப்போது கோடைப் பள்ளியை நடத்துகிற வேலைக்கு வந்திருக்கிறீர்கள். அதனால் எனக்கு நடந்த ஒன்றைச் சொல்கிறேன்.

உங்களில் பாதிப்பேர் இங்கே ஜெர்மனியில் பிறந்தவர்கள். டார்ம்ஸ்டாட்டில் இருந்து வருகிற இருவரும் படிப்பதற்காக இந்தியாவிலிருந்து வந்தவர்கள். ஆகவே அந்தக் காலத்தைக் கொஞ்சம் சொல்லத்தான் வேண்டும். அப்போது இலங்கையிலிருந்து போருக்குத் தப்பி வந்த எங்கள் ஆட்கள் அகதிகளுக்கான விடுதிகளில், நாங்கள் ஹைம் என்று சொல்லுகிற இடங்களில், அறைக்கு நாலைந்து பேராக இருந்தார்கள். வேலை செய்ய அனுமதியில்லை. பதிந்த மாவட்டத்தை விட்டு வெளியே போகவும் அனுமதியில்லை. பக்கத்து ஊரில் இருக்கிற தம்பியைப் பார்ப்பதற்கும் கந்தோரில், அரசாங்க அலுவலகத்தில், போய் நின்று அனுமதி எடுக்க வேண்டும். கோடை விடுமுறையில் ஜெர்மன்காரர்கள் கடற்கரைக்குப் போய்விடுவார்கள். தேவாலய மண்டபங்கள் பூட்டிக் கிடக்கும். வுப்பர்டாலில் ஒரு பாதிரியார் அப்படிப் பூட்டிக் கிடந்த மண்டபம் ஒன்றின் திறப்பை, அதாவது சாவியை, எங்கள் ஆட்களிடம் கொடுத்தார். கோடைப் பள்ளி கோடையில் தொடங்கியதற்கு வேறு காரணம் ஒன்றும் இல்லை.

பிறகு அது வளர்ந்தது. ஊருக்கு ஊர் வந்தது. காலையில் மொழி, சட்டம், உடல்நலம். பின்னேரத்தில் பாட்டு, நாடகம், சொற்பொழிவு. வேலை அனுமதி கிடைத்துப் பகலெல்லாம் உணவகங்களில் கோப்பை கழுவியவர்கள் தங்கள் விடுமுறையைக் கொண்டுவந்து இதில் கொட்டினார்கள். நீங்கள் இன்று பார்க்கிற கூட்டம் அதிலிருந்து வந்தது.

நான் மூன்றாவது கோடையில்தான் வந்தேன், அதுவும் கல்வி நிலையம் அனுப்பி. கந்தோரிலிருந்து வந்த பெண் என்று எவரும் என்னை நம்பவில்லை. வரவுப் பதிவில் எல்லோரும் பொய்ப் பெயர் எழுதினார்கள். ஒரே வகுப்பில் பல செல்வராசாக்கள் இருந்தார்கள். அகதி வழக்கு நடக்கும்போது எங்கே போனோம், யாரோடு இருந்தோம் என்பது எவர் கையில் போய்ச் சேருமோ என்று பயம். கந்தோரிலிருந்து வந்தவர்கள்மேல் பயம், ஊரில் இருந்து வந்த எந்த இயக்கத்து ஆட்கள்மேலும் பயம், பக்கத்துக் கதிரையில் இருப்பவர்மேலும் பயம். நான் அவர்களை யன்னலோரத்து அண்ணை, சிவப்புக் கம்பளிச்சட்டை அக்கா என்றுதான் கூப்பிட்டேன். அந்தப் பயத்துக்குள்ளேதான் இந்தப் பள்ளி வளர்ந்தது என்பதை மறக்காதீர்கள். அதனால்தான் முதல் கோடையைப் பற்றி நம்பத்தக்க பதிவு ஒன்றும் இல்லை, நானும் அதை நேரில் பார்க்கவில்லை.

இனி விஷயத்துக்கு வருகிறேன். சில வருடங்களுக்கு முன்னர் கோடைப் பள்ளியின் ஆண்டுவிழா ஒன்றைப் பெரிதாகச் செய்யத் தீர்மானித்தோம். நகரத்தின் கலாசாரத் துறையிலிருந்து ஓர் அதிகாரி வருவதாக இருந்தது. விழா சரியாக நடந்தால், ஒவ்வொரு கோடையும் மண்டபம் தேடி அலைகிற எங்களுக்கு ஒரு நிலையான இடம் தரலாம் என்று அவர் பேச்சுவாக்கில் சொல்லியிருந்தார். அந்த நேரத்தில்தான் தவராசா அண்ணை வந்தார்.

திருமண மண்டபங்களுக்கு ஒலி, ஒளி, மேடை போட்டுக் கொடுப்பவர். வேறு ஊரில் இருந்தார். மேடை, ஒலிபெருக்கி எல்லாம் தான் தருவதாகவும், பள்ளியின் வரலாற்றைச் சொல்லும் கண்காட்சிப் பலகைகளையும் தானே செய்து தருவதாகவும் சொன்னார்.

என்ன எதிர்பார்க்கிறீர்கள் என்று கேட்டேன்.

"எனக்கு ஒண்டும் வேண்டாம் தங்கச்சி. பிள்ளையள் பாக்கட்டும், அவ்வளவுதான்."

ஒன்றும் வேண்டாம் என்பவரைக் கண்டால் எனக்கு நித்திரை வராது. எங்கள் சமூகத்தில் ஒரு நிகழ்ச்சி பெரிதானவுடன் அதைத் தங்களுடையதாக்கிக்கொள்ள ஏதாவது ஓர் அமைப்பு வந்து நிற்கும். முதலில் ஒலிபெருக்கி வரும், பிறகு பதாகை வரும், பிறகு மேடையில் யார் பேசலாம் என்ற பட்டியல் வரும். அதைப் பல ஊர்களில் பார்த்திருக்கிறேன். பதாகை ஏறினால் எங்கள் ஆட்களில் பாதிப்பேர் வீட்டுக்குப் போய்விடுவார்கள், கலாசாரத் துறையும் கதவைச் சாத்திவிடும். ஆகவே விசாரித்தேன். அவர் எந்தக் கூட்டங்களுக்குப் போகிறார், யாருக்கு மேடை போட்டார், யாரோடு தேத்தண்ணி குடிக்கிறார் என்று தெரிந்தவர்களிடம் எல்லாம் கேட்டேன். ஒன்றும் கிடைக்கவில்லை. எல்லோருக்கும் மேடை போட்டிருந்தார், ஒருவரோடும் ஒட்டவில்லை. எதுவும் கிடைக்காதது என் சந்தேகத்தைக் கூட்டியது.

அப்போது செயலாளராக இருந்தவர் நிமலன். இங்கே வளர்ந்த பிள்ளை, பாடசாலை ஆசிரியர். அவருக்கு என்மேல் கோபம். ஒருவர் உதவி செய்தால் நன்றி சொல்ல வேண்டும், நான் விசாரணை நடத்துகிறேன் என்றார். செயற்குழுவும் அவர் பக்கம் நின்றது.

விழாவுக்கு முந்திய வாரம் பலகைகள் வந்தன. அழகான வேலை. முதலாவது பலகையை வாசித்தேன். தாய்மொழியையும் கலைகளையும் காக்க வேண்டும் என்ற தணியாத தாகத்தால் மூன்று இளைஞர்கள் இலக்கியத்தையும் நாடகத்தையும் கற்பிக்க இந்தக் கோடைப் பள்ளியை ஆரம்பித்தார்கள் என்று இருந்தது. மூவரில் ஒருவர் தவராசா. மற்றவர்களில் ஒருவர் இறந்துவிட்டார், மற்றவர் கனடாவில். எந்த அமைப்பின் பெயரும் இல்லை. நிமலன் என் முகத்தைப் பார்த்துச் சிரித்தார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஹைமில், அறைக்கு நாலைந்து பேராக, அடுத்த மாதம் திருப்பி அனுப்புவார்களோ என்று இருந்தவர்கள் முதல் வேலையாக இலக்கியமா படித்திருப்பார்கள்?

கல்வி நிலையத்தில் என் முதல் மேலதிகாரி ஒரு ஜெர்மன் பெண்மணி. அதிகம் பேசமாட்டார். ஒரு வகுப்பின் உண்மை தெரிய வேண்டுமானால் ஆசிரியரையும் கேட்காதே, அமைப்பாளரையும் கேட்காதே, படித்தவரிடம் போய் முதல் நாள் என்ன படித்தாய் என்று கேள் என்பார். பெயர்களைப் பற்றி மனிதர்கள் பொய் சொல்வார்கள், படித்ததைப் பற்றிப் பொய் சொல்ல அவர்களுக்குத் தோன்றாது என்பது அவருடைய கணக்கு. இந்த வேலையில் எனக்கு அதைவிடப் பயன்பட்ட ஒன்று இல்லை.

முதல் கோடைக்கு வந்தவர்களில் பாலா அண்ணை எனக்கு அருகில் குடியிருந்தார். இரும்புத் தொழிற்சாலையில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். அவர் வீட்டுக்குப் போய், முதல் நாள் என்ன படித்தீர்கள் என்று கேட்டேன்.

"நோவைத்தான் படிச்சனாங்கள்" என்றார்.

எனக்கு விளங்கவில்லை. அவர் விளக்கினார். ஹைமில் ஒருவருக்கு வயிற்றில் கடும் நோவு. டாக்டரிடம் வயிற்றைக் காட்டி "பௌஹ் கபுட்" என்று மட்டும் சொன்னாராம், வயிறு பழுது என்று. செமிபாட்டுக்குக் குளிசை கொடுத்து அனுப்பிவிட்டார்கள். உண்மையில் அவருக்குக் குடல்வால் வெடித்துக்கொண்டிருந்தது. உயிர் மயிரிழையில் தப்பியது. அதற்குப் பிறகுதான் வகுப்புத் தொடங்கியது. குத்துகிற நோவுக்கு ஒரு சொல், எரிகிற நோவுக்கு ஒரு சொல், விண் விண் என்று இடிப்பதற்கு ஒரு சொல். பாலா அண்ணை தன் உடம்பில் அங்கங்கே கையை வைத்து எல்லாச் சொற்களையும் எனக்குச் சொல்லிக் காட்டினார். ஒன்றையும் மறக்கவில்லை.

யார் படிப்பித்தது என்று கேட்டேன். அவர் கையை மடியில் வைத்துக்கொண்டார்.

"அதை விடுங்கோ பிள்ளை. பழைய கதை."

ஏன் விடவேண்டும் என்று கேட்டேன். தேத்தண்ணி கொண்டுவந்த அவருடைய மனைவிதான் சொன்னார். "ரஞ்சிதம் எண்டு சொல்லுங்கோவன். பேரைச் சொன்னால் நாக்குப் பொசுங்குமோ?"

ரஞ்சிதம், தவராசா அண்ணையின் மனைவியாக இருந்தவர். சில வருடங்களுக்குப் பிறகு அவரை விட்டுப் பிரிந்து ஜெர்மனியின் கிழக்கே, லைப்சிக்குக்கு, போய்விட்டார். அந்தக் காலத்தில் அப்படிப் போன ஒரு பெண்ணைப் பற்றி என்னென்ன கதைத்திருப்பார்கள் என்று நான் உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. மெல்ல மெல்ல அவருடைய பெயரை எவரும் எடுக்காமல் விட்டார்கள். நான் இவ்வளவு நாளும் தவராசா அண்ணைக்குப் பின்னால் ஒரு கட்சியைத் தேடிக்கொண்டிருந்தேன். அங்கே இருந்தது ஒரு முறிந்த குடும்பம். என் சந்தேகம் சரி, பார்த்த திசைதான் பிழை. உங்களுக்கும் இது நடக்கும்.

லைப்சிக்குக்கு ரயில் ஏறினேன். ரஞ்சிதம் அக்கா அங்கே ஆஸ்பத்திரிகளில் மொழிபெயர்ப்பாளராக இருந்தார். கதவைப் பாதி திறந்து வைத்துக்கொண்டு கேட்டார்.

"உங்களை ஆர் அனுப்பினது?"

ஒருவரும் அனுப்பவில்லை என்றேன். அவர் நம்பவில்லை. உள்ளே விட்ட பிறகும், என் தொலைபேசியைக் குசினியில், அடுப்புக்குப் பக்கத்தில், வைத்துவிட்டு வரச் சொன்னார். பதிவு செய்கிறேனோ என்ற பயம். பிறகு பேசினார். ஊரில் தாதிப் பயிற்சியை இடையில் விட்டு வந்தவர். ஹைமின் காவலாளியின் மனைவியோடு உடுப்புத் தோய்க்கிற அறையில் நின்று நின்று ஜெர்மன் பழகியிருக்கிறார். பாதிரியாரிடம் போய்த் திறப்பை வாங்கியது தான்தான் என்றார். ஆண்கள் ஒரு பெண்ணிடம் படிக்கக் கூச்சப்பட்டதையும், பிறகு ஒவ்வொருவராகத் தனியே வந்து சொல்ல வெட்கமான நோவுகளுக்குச் சொல் கேட்டதையும் சொல்லும்போது அவர் முகத்தில் முதல் தடவையாக ஒரு சிரிப்பு வந்தது. அதில் நான் பொய்யைக் காணவில்லை.

ஆனால் ஒன்று உறுத்தியது. பாலா அண்ணை அப்போது வுப்பர்டாலில் இல்லை, பக்கத்து மாவட்டத்து ஹைமில் இருந்தவர். எல்லை தாண்ட அவருக்கு அனுமதி இருந்திருக்காது. வெளி மாவட்டத்து ஆட்கள் எப்படி வந்தார்கள் என்று கேட்டேன்.

"வந்தவை."

"எப்பிடி அக்கா?"

"பஸ்ஸில வந்திருப்பினம். எனக்கென்ன தெரியும்." எழும்பிப் போய் யன்னலைச் சாத்திவிட்டு, "அந்த மனுசனுக்கும் இதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. அதை வடிவா எழுதுங்கோ" என்றார்.

அந்த மனிதரின் பெயரை அதுவரை நான் எடுக்கவே இல்லை.

திரும்பி வந்தவுடன் பாலா அண்ணையிடம் எப்படி வந்தீர்கள் என்று கேட்டேன். ஒரு வான் வண்டியில், ரொட்டி அடுக்கிய பாண் தட்டுகளுக்குப் பின்னால் படுத்துக்கொண்டு வந்ததாகச் சொன்னார். ஒரு வெதுப்பகக்காரரின் வானை இரவல் வாங்கி, மூன்று மாவட்டத்து ஹைம்களில் இருந்து ஆட்களை ஏற்றி இறக்கியது தவராசா. ஒரு நாள் பொலிஸ் மறித்தபோது, உள்ளே இருந்தவர்கள் ஓடித் தப்பினார்கள், அவர் தப்பவில்லை. யார் அவர்கள், எங்கே கொண்டுபோகிறாய் என்று துருவித் துருவிக் கேட்டும் அவர் வாய் திறக்கவில்லையாம். பிறகு அவருடைய அகதி வழக்கு வருடக்கணக்காக இழுபட்டது. அதனால்தான் இழுபட்டதா என்று எனக்குத் தெரியாது. அவர் அப்படித்தான் நம்பினார் என்று பாலா அண்ணை சொன்னார்.

அன்றைக்குத்தான் அந்தப் பலகை எனக்கு முழுதாக விளங்கியது. தவராசா அண்ணை தன் வாழ்க்கையில் செய்த மிகத் துணிச்சலான காரியத்தையே அதில் எழுதவில்லை. வானைப் பற்றி எழுதினால் அது எங்கே போனது என்று எழுத வேண்டும். யாருடைய வகுப்புக்கு என்று எழுத வேண்டும். ரஞ்சிதம் அக்காவை அழிப்பதற்காகத் தன்னையும் அழித்துவிட்டு, இலக்கியம் கற்பித்த இளைஞர் என்று ஒரு பொய்யான ஆளை அந்த இடத்தில் வைத்திருந்தார். லைப்சிக்கில் ரஞ்சிதம் அக்காவும் அதையேதான் செய்தார். ஆட்கள் எப்படி வந்தார்கள் என்று சொல்லாமலே ஒரு மண்டபத்தை நிரப்பிக் காட்டினார்.

விழாவுக்கு முதல் நாள் மேடை போட்டுக்கொண்டிருந்த தவராசா அண்ணையிடம் போனேன். எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். அவர் வயரைச் சுற்றிக்கொண்டே கேட்டார். மறுக்கவில்லை.

"அவவின்ரை பேர் இஞ்சை வந்தால் நான் சாமானெல்லாத்தையும் ஏத்திக்கொண்டு போயிடுவன் தங்கச்சி" என்றார். குரல் உயரவே இல்லை.

ரஞ்சிதம் அக்காவைத் தொலைபேசியில் கூப்பிட்டேன். தான் வருவதாகவும், ஆனால் தவராசா அண்ணையின் பெயரோடு தன் பெயர் ஒரே மூச்சில் வரக்கூடாது என்றும் சொன்னார். அப்படி வந்தால் எழும்பிப் போய்விடுவாராம்.

செயற்குழு என்னைச் சுற்றி நின்றது. நிமலன் கெஞ்சினார். நாளைக்கு அதிகாரி வருகிறார், ஒலிபெருக்கி இல்லாத மண்டபத்தில் என்ன செய்வது, பலகை இருக்கிறபடி இருக்கட்டும், அடுத்த வருடம் திருத்தலாம் என்றார். அடுத்த வருடம் திருத்தலாம் என்று விட்ட ஒன்றையும் எவரும் திருத்தி நான் கண்டதில்லை. இன்னொருவர் இரண்டு பேரையும் விட்டுவிட்டுப் பொதுவாக "சமூகம் தொடங்கியது" என்று போடலாம் என்றார். அது எனக்குக் கொஞ்ச நேரம் நல்ல யோசனையாகத்தான் பட்டது. ஒருவரும் கோபிக்கமாட்டார்கள். ஆனால் சமூகமா திறப்பை வாங்கியது? சமூகம் அப்போது பயந்துபோய் அறைக்குள் இருந்தது. முதலாவது பலகையை மட்டும் கழற்றிப் பின்னறையில் வைத்தேன். அதற்குப் பதிலாக என்ன வைப்பது என்று எனக்கே தெரியாது.

விழா அன்று மண்டபம் நிறைந்திருந்தது. ரஞ்சிதம் அக்கா கதவடியில், கடைசி வரிசையில் இருந்தார். தவராசா அண்ணை பக்கத்து மூலையில் ஒலியைக் கட்டுப்படுத்துகிற மேசையில் இருந்தார். ஒருவரையொருவர் பார்த்ததாக நான் காணவில்லை. அதிகாரி பேசி முடித்து, பலகைகள் இரண்டாம் கோடையில் தொடங்குகின்றனவே, முதல் கோடையை யார் ஆரம்பித்தார் என்று என்னைப் பார்த்துச் சாதாரணமாகக் கேட்டார். நல்ல எண்ணத்தோடு கேட்ட கேள்வி. மைக் என் கையில் இருந்தது. நிமலன் தலையை அசைத்து வேண்டாம் என்றார்.

யோசிக்க நேரமில்லை. இருவரும் வேண்டாம் என்று சொன்ன அந்த ஒன்றுதான், இரண்டு பெயரும் சேர்ந்து வருவதுதான், உண்மையாக இருந்தது. அதைச் சொல்லாவிட்டால் எனக்கு இந்த வேலை எதற்கு என்று தோன்றியது. தவராசா அண்ணையின் கையைப் பார்த்துக்கொண்டே ஜெர்மனிலும் தமிழிலும் சொன்னேன்.

"ரஞ்சிதம் அக்கா படிப்பிச்சவ. தவராசா அண்ணை வான் ஓடி ஆக்களைக் கொண்டு வந்தவர்."

முதலாவது வசனத்தில் மைக் செத்துவிட்டது. இரண்டாவது வசனத்தில் நன்றாக வேலை செய்தது.

மண்டபத்துக்குத் தவராசா அண்ணையின் பெயர் மட்டும் கேட்டது. நான் மைக்கைக் கீழே வைத்துவிட்டு, என்னால் முடிந்தளவு உரத்து, ரஞ்சிதம் அக்காவின் பெயரைத் திரும்பச் சொன்னேன். முதல் நாள் பாடம் என்ன என்பதையும் சொன்னேன். பாலா அண்ணை எழும்பி நின்றார். அவரோடு முதல் கோடைக்கு வந்த இன்னும் சிலரும் எழும்பினார்கள். கடைசி வரிசைக்குத் திரும்பி நின்றார்கள்.

ரஞ்சிதம் அக்கா எழும்பிப் போனார், சொன்னபடியே. நான் பின்னால் ஓடினேன். வெளியே மழைக்கோட்டைப் போட்டுக்கொண்டிருந்தார். கண் கலங்கியிருந்தது. ஆனாலும் முதலில் கேட்டது இதைத்தான்.

"மைக்கை நிப்பாட்டச் சொன்னது நீங்களோ?"

இல்லை என்றேன். அவர் என்னை நம்பினாரா என்று தெரியவில்லை.

தவராசா அண்ணையிடம் கேட்டேன். வயர் தளர்ந்துவிட்டது என்றார். அந்த வயரை நான் பிறகு அசைத்துப் பார்த்தேன், தளர்வாக இருந்ததாகத் தெரியவில்லை. ஆனால் அவர் சாமானை ஏற்றிக்கொண்டு போகவும் இல்லை. பாட்டு, நாடகம், நன்றியுரை எல்லாம் முடியும்வரை இருந்து, ஒவ்வொருவருக்கும் ஒலியைச் சரியாகக் கொடுத்தார். அவர் கை தன்னை அறியாமல் அசைந்ததா, வேண்டுமென்று செய்தாரா, வயர்தானா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அடுத்த கோடைக்கு முதலாவது பலகையை நான் எழுதினேன். அந்த இரண்டு வசனங்கள் மட்டும். தவராசா அண்ணை முதல் வசனத்தை எடுக்கச் சொல்லி ஆள் அனுப்பினார். ரஞ்சிதம் அக்கா இரண்டாவதை எடுக்கச் சொல்லித் தானே கூப்பிட்டார். நான் எடுக்கவில்லை. சில கோடைகளில் ரஞ்சிதம் அக்கா வந்து ஆஸ்பத்திரி மொழிபெயர்ப்பு வகுப்பு எடுத்தார். அந்த நாட்களில் தவராசா அண்ணை மேடை போடுவதற்குத் தன் ஆட்களை அனுப்பிவிட்டுத் தான் வராமல் இருந்தார். நிமலனுக்கு என்மேல் இருந்த கோபம் கொஞ்சம் தணிந்தது, முழுவதும் போகவில்லை. நிலையான இடம் கிடைத்தது. அந்த இடத்தில்தான் நீங்கள் இப்போது கூட்டம் கூடுகிறீர்கள்.

இதிலிருந்து என்ன படிக்க வேண்டும் என்று கேட்பீர்கள். சந்தேகப்படுங்கள், ஆனால் சந்தேகத்தை வைத்துக்கொண்டு வீட்டில் இருக்காதீர்கள், ரயில் ஏறிப் போய்ப் பாருங்கள். ஒருவர் தனக்குப் பெருமை தரும் ஒன்றைச் சொல்லாமல் மறைத்தால், அவர் மறைப்பது வேறொருவரை. எல்லோரும் சமாதானமாகிற வசனம் ஒன்று கையில் வந்தால், அது யாரை விழுங்கியிருக்கிறது என்று பாருங்கள். எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்.

இன்னொன்று. இதை நான் சொன்னேன் என்பதற்காக அப்படியே போட்டுவிடாதீர்கள். இருவரும் உயிரோடு இருக்கிறார்கள், இருவருக்கும் நினைவு நன்றாக இருக்கிறது. தனித்தனியாகப் போய்க் கேளுங்கள். இருவரும் என்னைப் பற்றியும் ஏதாவது சொல்வார்கள். அதை என்னிடம் கொண்டுவந்து காட்ட வேண்டாம். எழுதிவிடுங்கள்.